இஎம்ஐ சின்னது, வீடு பெரிய விலை: வீட்டுக் கடன் கேள்வி – பதில்

வீட்டுக் கடன் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் சில இங்கே. கணக்குகள் எல்லாம் மாதந்தோறும் குறையும் அசலுக்கு வட்டி போடும் முறையில் போட்டவை. பைசாக்களை விட்டுவிட்டோம்.

மதுரையில் 50 லட்ச ரூபாய்க்கு ஒரு பழைய தனி வீடு பார்த்திருக்கிறோம். வங்கியில் 40 லட்சம் தருகிறார்கள். 8.5% வட்டி, 20 வருடம், இஎம்ஐ 34,713 ரூபாய். சம்பளத்தில் சமாளித்துவிடலாம். கடைசியில் இந்த வீடு எங்களுக்கு என்ன விலைக்கு விழும்?
*– வாசகி, மதுரை*

34,713-ஐ 240-ஆல் பெருக்குங்கள். 83 லட்சத்து 31 ஆயிரம் வரும். அதாவது 40 லட்சம் அசலுக்கு 43.31 லட்சம் வட்டி. இதோடு கைப்பணம் 10 லட்சம். பிறகு பத்திரச் செலவு: தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 2%, ஆக 9%. பத்திரத்தில் 50 லட்சம் காட்டினால் 4.5 லட்சம். இதுவரை மட்டுமே 97.8 லட்சம். ப்ராசஸிங் கட்டணம், அதற்கு ஜிஎஸ்டி, லீகல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர் கட்டணம், அடமானப் பதிவு எல்லாம் சேர்த்தால் கோடியை நெருங்கிவிடும்.

பத்திரச் செலவில்தான் பலர் தடுக்கி விழுகிறார்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையான கடனுக்கு, சொத்து மதிப்பில் 80% வரைதான் வங்கி தரலாம் என்பது ரிசர்வ் வங்கி விதி. அந்த மதிப்பில் முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேராது. ஆக உங்கள் கையில் 10 லட்சம் இருந்தால் போதாது, 15 லட்சமாவது வேண்டும். பற்றாக்குறைக்கு நகையை வைப்பதோ பர்சனல் லோன் போடுவதோ நடக்கிறது. அந்த இரண்டாவது கடனின் தவணையும் சேர்ந்ததுதான் உங்கள் உண்மையான இஎம்ஐ.

இனி அந்த 34,713-ஐப் பிரித்துப் பாருங்கள். முதல் மாதம் வட்டிக்குப் போவது 28,333. அசலில் கழிவது வெறும் 6,380. ஐந்து வருடத்தில் நீங்கள் கட்டியிருப்பது 20.83 லட்சம், அசலில் குறைந்திருப்பது 4.75 லட்சம். தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போக ஆரம்பிப்பது 12-ம் வருட முடிவில்தான், அப்போதும் பாக்கி 24.12 லட்சம் இருக்கும். ஏழெட்டு வருடத்தில் விற்றுவிட்டுப் பெரிய வீடாக வாங்கலாம் என்று திட்டமிடுகிறவர்கள் இந்த வரியை இரண்டு முறை படிக்க வேண்டும்.

இதே கடனை 15 வருடத்துக்கு எடுத்தால் இஎம்ஐ 39,390. மாதம் 4,677 ரூபாய் கூடுதல். ஆனால் மொத்தம் கட்டுவது 70.9 லட்சம், மிச்சம் 12.4 லட்சம். 20 வருடம் கழித்துக் கட்டும் ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது என்பது உண்மைதான். அதனால் 43 லட்சம் வட்டியைக் கண்டு மிரள வேண்டாம். ஆனால் “மாதம் எவ்வளவு” என்று மட்டும் கேட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். கேட்க வேண்டியவை மூன்று: வட்டி விகிதம், எத்தனை மாதம், மொத்தம் எவ்வளவு.

2021 ஏப்ரலில் 30 லட்சம் வாங்கினேன். அப்போது 6.9%, 20 வருடம், இஎம்ஐ 23,079. இன்றுவரை ஒரு தவணைகூடத் தவறியதில்லை, இஎம்ஐயும் மாறவில்லை. 2025 ஜூலையில் ஸ்டேட்மென்ட் எடுத்தால் பாக்கி 28 லட்சம், வட்டி 8.4%, இன்னும் 271 மாதம் என்று இருக்கிறது. ஏதாவது தவறா?
*– வாசகர், திருப்பூர்*

தவறு இல்லை. இஎம்ஐ மாறாததுதான் காரணம்.

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய ஃப்ளோட்டிங் (வட்டி ஏறி இறங்கும்) வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட்டவை. பெரும்பாலும் அது ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி. உங்களுடையது ரெப்போவுக்கு மேல் 2.9%. நீங்கள் கடன் வாங்கியபோது ரெப்போ 4%. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5% ஆனது. உங்கள் வட்டி 9.4%. அப்போது பாக்கி சுமார் 28.5 லட்சம் என்று வைத்தால் ஒரு மாத வட்டி மட்டும் 22,300-ஐத் தாண்டும். நீங்கள் கட்டிய 23,079-ல் அசலுக்குப் போனது 750 ரூபாய் சொச்சம். அந்த வட்டி அப்படியே நீடித்திருந்தால் கடன் முடிய இன்னும் 36 வருடத்துக்கு மேல் ஆகியிருக்கும். 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 5.5 சதவீதத்துக்கு இறங்கியதால் 271 மாதத்தில் நிற்கிறது. முதலில் பேசிய கணக்குப்படி உங்களுக்கு மீதி இருக்க வேண்டியது 189 மாதம்தான்.

வட்டி ஏறினால் வங்கி மென்பொருள் இஎம்ஐயைத் தொடாமல் காலத்தை நீட்டிவிடும். கடன் வாங்கியவருக்கு உடனே வலிக்காது, அதனால் கேள்வியும் வராது. இதைத்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 சுற்றறிக்கையில் பிடித்தது. வட்டி மாறும்போது இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று உங்களைக் கேட்க வேண்டும். ஃபிக்ஸட் (மாறாத) வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தர வேண்டும் என்று அப்போது இருந்தது; 2025 அக்டோபர் முதல் அது வங்கியின் விருப்பம். ஒவ்வொரு காலாண்டும் இதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணைகள், வருட வட்டி ஆகியவை கொண்ட ஸ்டேட்மென்ட் தர வேண்டும்.

கிளைக்கு எழுத்தில் கொடுங்கள்: “என் கடனின் மீதிக் காலத்தை 189 மாதமாக மாற்றி, அதற்கேற்ப இஎம்ஐயைத் திருத்தவும்.” புதிய இஎம்ஐ சுமார் 26,760 வரும். மாதம் 3,681 கூடுதல். 271 மாதம் 23,079 கட்டினால் 62.5 லட்சம், 189 மாதம் 26,760 கட்டினால் 50.6 லட்சம். வித்தியாசம் ஏறக்குறைய 12 லட்சம். மாற்றிய பிறகு புதிய தவணை அட்டவணையைக் கையில் வாங்காமல் வராதீர்கள். வாய்வார்த்தையாக “செய்துவிட்டோம் சார்” என்பது கணினியில் ஏறியிருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை.

கடனோடு இன்சூரன்ஸ் கட்டாயம் என்கிறார்கள். பிரீமியம் 1.2 லட்சம், அதையும் கடனிலேயே சேர்த்துவிடுவோம், உங்களுக்குத் தெரியவே தெரியாது என்கிறார் ஏஜென்ட்.
*– வாசகர், திருநெல்வேலி*

தெரியாது என்பதில்தான் விஷயம் இருக்கிறது. 1.2 லட்சத்தை 8.5% வட்டியில் 20 வருடக் கடனில் ஏற்றினால் மாதம் 1,041 ரூபாய். மொத்தம் 2.5 லட்சம்.

குறிப்பிட்ட பாலிசியை வாங்கினால்தான் கடன் என்று கட்டாயப்படுத்த வங்கிக்கு அதிகாரம் இல்லை. சம்பாதிப்பவர் ஒருவரே என்றால் ஆயுள் காப்பீடு அவசியம், அதில் மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அதைத் தனியாக ஒரு டெர்ம் பாலிசியாக (இறந்தால் மட்டும் தொகை தருவது) எடுத்தால் கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும், முன்கூட்டியே அடைத்தாலும் பாதுகாப்பு உங்களோடு இருக்கும். கடனோடு ஒட்டிய பாலிசிகள் பலவற்றில் கடன் குறையக் குறையக் காப்பீட்டுத் தொகையும் குறையும். எடுத்தே தீர வேண்டிய சூழல் என்றால், பிரீமியத்தைக் கையிலிருந்து கட்டுங்கள், கடனில் ஏற்றாதீர்கள். கடனை இடையில் முடித்தால் எவ்வளவு திரும்பும் என்றும் கேட்டுவிடுங்கள்.

ஏஜென்ட் பேச்சை விட்டுவிட்டு ‘கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட்’ என்ற தாளைக் கேளுங்கள். 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன்கள் எல்லாவற்றுக்கும் இது கட்டாயம், உங்களுக்குப் புரியும் மொழியில் தர வேண்டும். அதில் ‘ஏபிஆர்’ என்று ஒரு சதவீதம் இருக்கும். வட்டியோடு ப்ராசஸிங் கட்டணம், வங்கி வழியாக வசூலாகும் இன்சூரன்ஸ், லீகல் கட்டணம் எல்லாம் கலந்த வருடச் செலவு அது. விளம்பரத்தில் 8.5% போட்டவரையும் 8.6% போட்டவரையும் இந்த எண்ணை வைத்து ஒப்பிடுங்கள். யார் மலிவு என்பது சில நேரம் தலைகீழாகும். இந்தத் தாள் குறைந்தது மூன்று வேலை நாள் செல்லும். அன்றே கையெழுத்துப் போட யாரும் அவசரப்படுத்த முடியாது.

வேறு வங்கி 8.4% தருகிறது. நான் கட்டுவது 9.25%. பாக்கி 30 லட்சம், 15 வருடம். மாறினால் இஎம்ஐ 5,000 ரூபாய் குறையும் என்கிறார்கள். மாறலாமா?
*– வாசகி, சேலம்*

5,000 குறைகிறது என்றால் உங்கள் கடனை மறுபடி 20 வருடமாக்குகிறார்கள் என்று அர்த்தம். இப்போது நீங்கள் கட்டுவது 30,876. 8.4% வட்டியில் 20 வருடத்துக்கு 25,845. பார்க்க நன்றாக இருக்கிறது. ஆனால் பழைய வங்கியிலேயே இருந்தால் இனி கட்ட வேண்டியது 55.6 லட்சம், புதிய வங்கியில் 62 லட்சம். வட்டி குறைந்தும் ஆறரை லட்சம் நஷ்டம்!

அதே 15 வருடத்துக்கு மாறினால் இஎம்ஐ 29,367. மாதம் 1,509 ரூபாய்தான் குறையும், மொத்தத்தில் 2.7 லட்சம் மிச்சம். இதிலிருந்து மாறும் செலவைக் கழிக்க வேண்டும்: புதிய வங்கியின் ப்ராசஸிங் கட்டணம், லீகல், மதிப்பீடு. நம் ஊரில் கூடுதலாக, பழைய அடமானத்தை ரத்து செய்யும் ரசீது ஆவணமும், புதிய வங்கி பேரில் எம்ஓடி எனப்படும் பத்திர ஒப்படைப்பு ஆவணமும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவாக வேண்டும். இரண்டுக்கும் தனித்தனிச் செலவு உண்டு. ஏஜென்ட் போட்டுத் தரும் கணக்கில் பெரும்பாலும் இவை இருக்காது.

முதலில் உங்கள் வங்கிக்கே போங்கள். புதிய வாடிக்கையாளருக்கு இன்று என்ன வட்டி என்று கேட்டு, மற்ற வங்கியின் சலுகைக் கடிதத்தைக் காட்டி, வட்டி மாற்றம் கேளுங்கள். பழைய எம்சிஎல்ஆர் (வங்கி தன் செலவை வைத்து நிர்ணயிக்கும் வட்டி) கடன் என்றால் ரெப்போ முறைக்கு மாற்றச் சொல்லலாம். சிறு கட்டணத்தில் வேலை முடியும், பத்திரம் இடம் மாறாது. ஒத்துவரவில்லை என்றால் மாறுங்கள், ஆனால் 15 வருடம் 15 வருடமாகவே இருக்கட்டும். கூடவே நீட்டும் டாப்-அப் (கூடுதல்) கடனை வேண்டாம் என்று சொல்லுங்கள்.

கடன் 40 லட்சம், 8.5%, இரண்டு வருடம் ஆகிறது. போனஸ் 2 லட்சம் வந்தது. கடனில் கட்டினால் வருமான வரிச் சலுகை போய்விடும் என்று அலுவலகத்தில் சொல்கிறார்கள்.
*– வாசகர், கோயம்புத்தூர்*

முதலில் நீங்கள் எந்த வரி முறை என்று பாருங்கள். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்குக் கழிவே கிடையாது, அசலுக்கும் கிடையாது. இல்லாத சலுகை எங்கே போகும்? பழைய முறையில்கூட வட்டிக் கழிவு வருடம் 2 லட்சம்தான். உங்கள் முதல் வருட வட்டியே 3.37 லட்சம். 30% வரி கட்டுபவருக்கு செஸ் சேர்த்து அதிகபட்சம் 62,400 ரூபாய் மிச்சம். வரியை மிச்சப்படுத்துவதற்காக வட்டி கட்டுவது கட்டுப்படியாகாது.

இப்போது 2 லட்சத்தைக் கட்டி, இஎம்ஐயை மாற்றாமல் விட்டால் கடன் 24 மாதம் முன்னதாக முடியும், வட்டியில் சுமார் 6.45 லட்சம் மிச்சம். இதே 2 லட்சத்தை 12-ம் வருட முடிவில் கட்டினால் 11 மாதமும் 1.8 லட்சமும்தான். ஆரம்ப வருடங்களில் கட்டும் பணத்துக்குத்தான் வலிமை. போனஸ் கிடைக்காதவர்கள் முதல் வருடத்திலிருந்தே வருடத்துக்கு ஒரு இஎம்ஐ கூடுதலாகக் கட்டினாலும் 39 மாதம் குறையும், 8 லட்சம் மிஞ்சும்.

கட்டும்போது “காலத்தைக் குறைக்கவும், இஎம்ஐ அப்படியே இருக்கட்டும்” என்று எழுதிக் கொடுங்கள். சொல்லாமல் விட்டால் இஎம்ஐயைக் குறைத்துவிடும் இடங்கள் உண்டு. மிச்சம் பெரிதும் கரைந்துபோகும். தனிநபரின் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டும் அபராதம் கிடையாது. ஃபிக்ஸட் என்றால் ஒப்பந்தத்தைப் படியுங்கள். ஆறு மாதச் செலவுக்குக் கையிருப்பு இல்லாதவர், கிரெடிட் கார்டு பாக்கி உள்ளவர் வீட்டுக் கடனை அப்புறம் பார்க்கலாம்.

கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடி வீடு. முடியும்வரை ‘ப்ரீ-இஎம்ஐ’ மட்டும் கட்டினால் போதும் என்கிறார்கள். நல்லதுதானே?
*– வாசகி, தாம்பரம்*

கட்டுமானம் முன்னேற முன்னேற வங்கி கடனைப் பகுதி பகுதியாக விடுவிக்கும். ப்ரீ-இஎம்ஐயில் நீங்கள் கட்டுவது விடுவித்த தொகைக்கான வட்டி மட்டும். 40 லட்சக் கடனில் 24 மாதத்துக்குச் சராசரியாக 20 லட்சம் விடுவித்திருந்தால், 8.5 சதவீதத்தில் 3.4 லட்சம் போயிருக்கும், அசல் ஒரு ரூபாய்கூடக் குறைந்திருக்காது. பில்டர் தாமதித்தால் இது நீளும், வாடகையும் சேர்ந்து ஓடும். முடிந்தால் வங்கி முதல் பகுதியை விடுவித்த மாதமே முழு இஎம்ஐயைத் தொடங்கச் சொல்லுங்கள். கட்டிமுடியாத வீட்டுக்கு 5% ஜிஎஸ்டி உண்டு என்பதும் கணக்கில் இருக்கட்டும்; குறைந்த விலை வீடுகளுக்கு 1%. பணி நிறைவுச் சான்று வந்த வீட்டுக்கு இது இல்லை.

அடுத்த மாதம் கடைசித் தவணை. அதோடு எல்லாம் முடிந்ததா?
*– வாசகர், தஞ்சாவூர்*

இல்லை. பாக்கி இல்லை என்ற சான்று வாங்குங்கள். மூலப்பத்திரம் உட்பட நீங்கள் கொடுத்த ஆவணங்களை, கொடுத்தபோது வாங்கிய பட்டியலோடு ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். கடன் முழுதும் அடைந்த 30 நாளுக்குள் அவை உங்கள் கைக்கு வர வேண்டும். வங்கியின் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறை. பிறகு வங்கியோடு சேர்ந்து சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணத்தைப் பதிந்து, ஒரு வாரம் கழித்து வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள். ரசீது பதிவு அதில் வந்திருக்க வேண்டும். இதை விட்டுவிட்டால், வீட்டை விற்கப் போகும் நாளில் வாங்குபவரின் வக்கீல் முதலில் கைவைப்பது அந்த எம்ஓடி பதிவில்தான்.