பேபி சரோஜா: மூன்று படங்களின் குழந்தை நட்சத்திரம் (கேள்வி பதில்)

கேள்வி: பேபி சரோஜா மொத்தம் எத்தனை படங்களில் நடித்தார், ஐயா?

பதில்: மூன்றே படங்கள்தாம். 1937இல் ‘பால யோகினி’, 1939இல் ‘தியாக பூமி’, 1941இல் ‘காமதேனு’. 1931இல் பிறந்தவர் என்பதால், முதல் படம் வெளிவந்தபோது அவருக்கு ஏறக்குறைய ஆறு வயது. மூன்றாவது வந்தபோது ஏறக்குறைய பத்து.

கேள்வி: அவரைக் கண்டெடுத்தவர் யார்?

பதில்: கண்டெடுக்க வேண்டிய தேவையே இருக்கவில்லை. முதல் இரண்டு படங்களையும் இயக்கிய கே. சுப்ரமணியம், சரோஜாவின் தந்தையோடு உடன்பிறந்தவர்.

கேள்வி: மூன்று படங்களுக்கு இவ்வளவு புகழா? என் பாட்டியின் பெயரும் சரோஜாதான். இந்தக் குழந்தையைப் பார்த்துத்தான் வைத்தார்கள் என்று வீட்டில் சொல்வார்கள்.

பதில்: நம்பத்தக்க செய்திதான். ‘பால யோகினி’ வந்த பிறகு பிறந்த பெண் குழந்தைகள் பலருக்கு அந்தப் பெயர் சூட்டப்பட்டது. அந்நாளைய ஹாலிவுட் குழந்தை நட்சத்திரத்தோடு ஒப்பிட்டு, ‘இந்தியாவின் ஷர்லி டெம்பிள்’ என்றும் அவரைக் கொண்டாடினார்கள். ஆனால் அவருடைய முகத்தைத் திரையரங்கு மட்டுமே பரப்பியதாக எண்ணிவிடக் கூடாது. ‘தியாக பூமி’யின் கதையைக் கல்கி ஆனந்த விகடனில் தொடராக எழுதியபோது, வழக்கமாக ஓவியம் இடம்பெற வேண்டிய இடத்தில் படத்தின் காட்சிகளே புகைப்படங்களாக அச்சாயின. திரையரங்கே இல்லாத ஊரில் இதழை வாங்கிப் படித்தவர்களும், தாத்தா சம்பு சாஸ்திரியிடம் வளரும் சாருவைச் சரோஜாவின் முகத்தோடுதான் அறிந்தார்கள். பாத்திரமும் நடிகையும் வாசகர் மனத்தில் ஒன்றாகிப்போனதற்கு இதைவிடப் பெரிய காரணம் எனக்குத் தெரிந்து இல்லை.

கேள்வி: ‘தியாக பூமி’க்குத் தடை விதிக்கப்பட்டதால்தான் அவருடைய திரை வாழ்வு முடிந்ததா?

பதில்: இல்லை. காங்கிரஸ் அமைச்சரவை பதவி விலகிய பின்னர் பிரிட்டிஷ் அரசு அந்தப் படத்தைத் தடை செய்தது உண்மைதான். தடைக்குக் காரணம் அதிலிருந்த தேசிய உணர்வு. அதன் பிறகும் ‘காமதேனு’ வெளிவந்ததே.

கேள்வி: பிறகு ஏன் தொடரவில்லை?

பதில்: என் கருத்தைச் சொல்கிறேன். ‘பேபி’ என்ற அடைமொழி விளம்பரத்தில் எவ்வளவு உதவியதோ, அவ்வளவு இடைஞ்சலும் செய்தது. மழலைக்குக் கதையில் இடம் இருந்தது, கதாநாயகிக்கும் இருந்தது. இரண்டுக்கும் நடுவில், பாவாடையிலிருந்து தாவணிக்கு மாறும் வயதிலுள்ள பெண்ணுக்கென எழுதப்பட்ட வேடங்கள் அன்று மிக அரிது. 2019இல், 88 வயதில் அவர் காலமானபோதும் செய்திகள் அவரைப் பேபி சரோஜா என்றே குறிப்பிட்டன.

கேள்வி: அவருடைய நடிப்பை இன்று பார்க்க வழி உண்டா?

பதில்: ‘தியாக பூமி’யின் பிரதி புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்பட்டுள்ளது. காணும் வாய்ப்புக் கிடைத்தால் சாருவும் சாஸ்திரியும் சேர்ந்து வரும் காட்சிகளை நிதானமாகப் பாருங்கள். சாஸ்திரியாக வருபவர் பாபநாசம் சிவன். கீர்த்தனைகளால் பெயர் பெற்றவரே ஒழிய, நடிப்பையே தொழிலாகக் கொண்டவர் அல்லர். அந்த இருவரில் காமிராவுக்கு அதிகம் பழகியவராக எனக்குத் தோன்றுபவர் சிறுமி சரோஜாதான்.