பரிசுச் சீட்டை ஈடு வைத்துக் கடன் பெறலாமா? வழக்கறிஞர் பதில்கள்

கேள்வி (பொள்ளாச்சி): பாலக்காட்டில் வாங்கிய கேரள லாட்டரிச் சீட்டுக்கு ஒரு கோடி ரூபாய் விழுந்துள்ளது. பணம் கைக்கு வரும்வரை சீட்டை ஈடாக வைத்துக் கடன் வாங்கலாமா?

பதில்: முதலில் சீட்டின் பின்புறத்தில் பெயரும் முகவரியும் எழுதிக் கையெழுத்திடுங்கள்; இருபுறமும் நகல் எடுத்துக்கொள்ளுங்கள். உச்ச நீதிமன்றம் 2006இல் சன்ரைஸ் அசோசியேட்ஸ் வழக்கில், லாட்டரிச் சீட்டு சரக்கு ஆகாது, வழக்கிட்டுப் பெறத்தக்க உரிமையே என்று கூறியது. அத்தகைய உரிமையை, சொத்து மாற்றுச் சட்டத்தின் 130ஆம் பிரிவின்படி, கையெழுத்திட்ட ஆவணத்தின் மூலம் பிறருக்கு மாற்றித் தரலாம். ஆகவே அதைக் கடனுக்கு ஈடாக்குவது தன்னளவில் குற்றமாகாது. ஆனால், சட்டம் தடுக்கவில்லை என்பதற்காக வங்கி கடன் கொடுத்துவிடாது. சீட்டை 30 நாளுக்குள் ஒப்படைத்தாக வேண்டும். சீட்டு கிழிந்தாலோ தொலைந்தாலோ ஈடே மறைந்துவிடும். எனவே, வங்கி சீட்டைப் பெற்று உங்கள் சார்பில் பரிசுத் தொகையை வசூலித்துத் தரும். அத்தொகையை வைப்பு நிதியில் போட்டால், அதன்மேல் தாராளமாகக் கடன் தரும். "சீட்டு என்னிடம் இருக்கட்டும்" என்று சொல்லும் வட்டிக்காரரிடம் மட்டும் போகாதீர்கள்.

கேள்வி: ஒரு கோடியை நம்பி எவ்வளவு கடன் வாங்கலாம்?

பதில்: ஒரு கோடி என்பது விளம்பரத் தொகை. சீட்டு விற்ற முகவருக்குப் பரிசிலிருந்து போகும் கழிவு பத்து விழுக்காடு என்று வைத்துக்கொண்டால் 90 லட்சம். அதில் 30 விழுக்காடு வரிப்பிடித்தம் 27 லட்சம் போனால் 63 லட்சம். வரியின் மேல் விதிக்கும் கூடுதல் வரியையும் செஸ்ஸையும் பின்னர் நீங்களே கட்ட வேண்டும்; அது ஏறக்குறைய 3.9 லட்சம். மீதி 59 லட்சத்துக்குச் சற்று மேல். பலர் மறப்பது இந்தக் கடைசித் தவணையைத்தான்.

கேள்வி: சீட்டை நண்பரிடம் அடகு வைக்கலாமா?

பதில்: முதல் பதிலைப் படியுங்கள். கையெழுத்திட்டுவிட்டீர்களா?

கேள்வி (சட்ட மாணவர்): லாட்டரி சூதாட்டம்; ஒப்பந்தச் சட்டம் 30ஆம் பிரிவின்படி பந்தய ஒப்பந்தம் செல்லாது. அப்படியானால் அதை ஈடாகக் கொண்ட கடனும் செல்லாதுதானே?

பதில்: நல்ல வாதம், ஆனால் செல்லாதது வேறு, சட்டவிரோதமானது வேறு. 1959இல் கெருலால் பாரக் வழக்கில், பந்தயம் செல்லாது எனினும் அது சட்டத்தால் தடுக்கப்பட்டதன்று, ஆகவே அதைச் சார்ந்த துணை ஒப்பந்தம் அக்காரணத்தால் மட்டும் வீழ்ந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கடன் கொடுப்பவர் பந்தயம் கட்டவில்லை. சீட்டு வெறும் ஈடு.

கேள்வி (அதே மாணவர்): 1999இல் பி.ஆர். என்டர்பிரைசஸ் வழக்கில், அரசே நடத்தினாலும் லாட்டரி சூதாட்டமே என்று அதே நீதிமன்றம் கூறியதே?

பதில்: கூறியது; ஒரு மாநிலம் பிற மாநிலச் சீட்டுகளைத் தடுக்கலாமா என்ற கேள்வியில் கூறியது. தன் லாட்டரியையும் நடத்தாத மாநிலமே பிறர் சீட்டைத் தடுக்கலாம் என்பதும் அத்தீர்ப்பில்தான் உள்ளது. 2003இல் தமிழ்நாடு எல்லா லாட்டரிகளையும் சேர்த்தே தடை செய்ததன் சட்டப் பின்னணி அது. கடன் ஒப்பந்தத்தைப் பற்றி அத்தீர்ப்பு எதுவும் முடிவு செய்யவில்லை. உங்கள் வாதத்துக்கு வலுச் சேர்க்க வேண்டுமானால் பந்தயங்கள் பற்றிய பம்பாயின் 1865ஆம் ஆண்டுச் சட்டத்தைப் பாருங்கள். அது துணை ஒப்பந்தங்களையும் செல்லாததாக்கியது. தமிழ்நாட்டுக்கோ கேரளத்துக்கோ அது பொருந்தாது.

கேள்வி (செங்கோட்டை): தமிழ்நாட்டில் தடை இருக்கும்போது பரிசுப் பணத்தை இங்குள்ள வங்கியில் ஈடு வைக்கலாமா?

பதில்: வைக்கலாம். தடை இங்கு நடக்கும் விற்பனைக்கு. வரி கட்டிய பணத்துக்கு அன்று.

கேள்வி: ஐவர் சேர்ந்து வாங்கிய சீட்டு. என் பங்கை மட்டும் ஈடு வைக்கலாமா?

பதில்: பங்கு எழுத்தில் உள்ளதா? இல்லையென்றால் முதலில் அதை எழுதுங்கள்.

கேள்வி: சீட்டை ஈடாக வைக்க வேண்டாம், ஒரு கோடியே பத்து லட்சம் ரொக்கமாகத் தருகிறேன் என்கிறார் ஒருவர். லாபம்தானே?

பதில்: கையில் 59 லட்சமே நிற்கும் சீட்டுக்கு அவர் ஏன் அவ்வளவு தருகிறார் என்று யோசியுங்கள். கணக்கில் வராத பணத்தைப் பரிசுப் பணமாகக் காட்ட அவருக்கு உங்கள் சீட்டு வேண்டும். விற்றால், 2002ஆம் ஆண்டின் சட்டவிரோதப் பணப் பரிமாற்றத் தடுப்புச் சட்டத்தின் கீழ் நடக்கும் விசாரணையில் உங்கள் பெயரும் வரும். வாங்கிய ரொக்கத்துக்கும் உங்களால் கணக்குக் காட்ட முடியாது. இன்றே கையெழுத்திட்டு வங்கியில் ஒப்படையுங்கள்.