ஒளிநாழிகை எவ்வளவு தூரம்?

கேள்வி: அறிவியல் புனைகதைக்காக 'ஒளிநாழிகை' என்று ஓர் அலகைக் கற்பனை செய்திருக்கிறேன். கணக்கு எப்படி?

பதில்: நாழிகைக்கு 24 நிமிடம், 1,440 விநாடி. (இன்றைய விநாடி. நாழிகையில் அறுபதில் ஒன்றான பழைய விநாடியைப் போட்டால் கணக்கு கவிழ்ந்துவிடும்.) அதை ஒளி ஒரு விநாடியில் போகும் 2,99,792.458 கிலோமீட்டரால் பெருக்குங்கள்: ஏறத்தாழ 43.17 கோடி கிலோமீட்டர். சூரியன் நமக்கு 0.35 ஒளிநாழிகை தூரம். சூரியனிலிருந்து நெப்டியூன் 10.4. கோள்களுக்கிடையே நடக்கும் கதைக்கு அருமையான அலகு. சூரியனுக்கு மிக அருகிலுள்ள விண்மீனான பிராக்சிமா சென்டாரி என்றால் 93 ஆயிரத்தைத் தாண்டும். அங்கே ஒளியாண்டே மேல். 'இரண்டு ஒளிநாழிகையில் வந்துசேர்ந்தான்' என்று மட்டும் எழுதிவிடாதீர்கள், இது தூரம். அவ்வளவு தள்ளியிருப்பவரிடம் ரேடியோவில் கேள்வி கேட்டால் பதில் வர நான்கு நாழிகை, அதாவது 96 நிமிடம் ஆகும்.