வசனம் எங்கே?

அன்புள்ள ஆசிரியருக்கு,

இயக்குநர் மகேந்திரன் உதவி இயக்குநராகப் பல ஆண்டுகள் உழைக்காமலேயே படம் இயக்க வந்தவர் என்று படித்தேன். மென்பொருள் வேலையை விட்டுவிட்டு நானும் நேரடியாகப் படம் இயக்கலாமா? நாவலை எடுப்பதா, சொந்தக் கதையா? என் திரைக்கதையின் முதல் காட்சியை இணைத்திருக்கிறேன்.

ஆர்., கோவை

அன்புள்ள ஆர்.,

வேலையை விடுவது பற்றி உங்கள் வீட்டாரிடம் கேளுங்கள். நாவலா, சொந்தக் கதையா என்பதும் பெரிய விஷயமல்ல. உமாசந்திரனின் நாவலில் புலி பறித்த நாயகன் காளியின் கையை, மகேந்திரன் அதை வைத்து இயக்கிய 'முள்ளும் மலரும்' படத்தில் லாரி பறித்தது. சில நாட்களாக மகேந்திரனையே நினைத்துக்கொண்டிருப்பதால் உங்கள் முதல் வரிக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

அதை ஏதோ குறுக்குவழி போல எழுதியிருக்கிறீர்கள். கல்லூரி மேடையில் எம்.ஜி.ஆரை வைத்துக்கொண்டே தமிழ்ப் படங்களைச் சாடிப் பேசிய மாணவர் அவர். பின்னாளில் அதே எம்.ஜி.ஆர். அவரை அழைத்து 'பொன்னியின் செல்வ'னுக்குத் திரைக்கதை எழுதச் சொன்னார், படம்தான் நடக்கவில்லை. 1966இல் 'நாம் மூவர்' தொடங்கி 1978இல் முதல் படத்தை இயக்கும்வரை, தாம் சாடிய அதே வகைப் படங்களுக்குத்தான் பெரும்பாலும் எழுதிக்கொண்டிருந்தார். அந்தப் பன்னிரண்டு ஆண்டுகள் உங்கள் கணக்கில் எங்கே போயின?

எங்கள் ஊர்க் கல்யாண வீடுகளில் மைக் செட்காரர் 'தங்கப்பதக்கம்' பட வசன இசைத்தட்டைப் போடுவார். வெங்காயம் உரித்தபடியே பெரியம்மா முழுப் படத்தையும் காதாலேயே பார்த்துவிட்டு அழுவாள். வெங்காயத்தின் மீது பழி போடவும் வசதியாக இருந்தது. அந்த வசனத்தை எழுதிய மகேந்திரனின் படம் என்றுதான் 'முள்ளும் மலரும்' பார்க்க டூரிங் டாக்கீஸுக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். பாதிப் படத்தில் என் தோளைத் தட்டி, "என்னடா, யாரும் பேசவே மாட்டேங்கிறாங்க?" என்றாள். படத்தைப் போட்டுப் பார்த்த தயாரிப்பாளரின் ஆதங்கமும் ஏறக்குறைய அதுவேதான்.

இறுதிக் காட்சியில் தங்கை திரும்பி ஓடிவந்து ஒற்றைக்கை அண்ணனைக் கட்டிக்கொண்டு அழுகிறாள். வசனகர்த்தா ஒருவர் மூன்று பக்கம் எழுத அங்கே தாராளமாக இடமிருக்கிறது, கைதட்டலும் உறுதி. மகேந்திரனோ, தங்கை மணக்கவிருக்கும் இஞ்சினியரைத் தனக்கு இன்னமும் பிடிக்கவில்லை என்று காளியைச் சொல்ல வைத்து, சில வரிகளில் முடித்துக்கொள்கிறார். பக்கம் பக்கமாக எழுதிக் கை ஓய்ந்த ஒருவருக்குத்தான் எதை எழுதாமல் விடலாம் என்பது அவ்வளவு துல்லியமாகத் தெரிந்திருக்கும்.

உங்கள் காட்சியைப் படித்தேன். மகன் தந்தையிடம் ஒன்றரைப் பக்கம் பேசுகிறான். அதற்கு முன், வெளியே போக எழுந்த தந்தை, காலில் செருப்பு இருக்கும்போதே அதைத் தேடுவதாக ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள், அருமையான வரி. அதற்குப் பின் உள்ளதையெல்லாம் அடித்துவிட்டு மறுபடியும் அனுப்புங்கள்.