எலும்பு கூடவில்லை, கிளைமும் கிடைக்கவில்லை: நோய்க் கோடை (code) மாற்றலாமா?

கேள்வி: என் கணவர் 2024 நவம்பரில் பைக்கில் வழுக்கி விழுந்து வலது மேல்கை எலும்பு முறிந்தது. பிளேட் வைத்து ஆபரேஷன் செய்தார்கள். அந்தச் செலவை இன்சூரன்ஸ் நிறுவனம் கொடுத்துவிட்டது. பத்து மாதம் ஆகியும் எலும்பு கூடவில்லை. 2025 செப்டம்பரில் பழைய பிளேட்டை எடுத்துவிட்டு, இடுப்பு எலும்பிலிருந்து கொஞ்சம் எடுத்து வைத்து, புது பிளேட் போட்டார்கள். செலவு 2.4 லட்சம். பாலிசி எடுத்தது 2024 மார்ச்சில். இப்போது, ‘ஆஸ்பத்திரி போட்ட நோய்க் கோடு (code) எம் 84.1 என்பது எலும்பு நோய், அதற்கான 24 மாதக் காத்திருப்புக் காலம் முடியவில்லை’ என்று கிளைமை மறுத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரியில், ‘புது எலும்பு முறிவு என்று கோடை மாற்றித் தருகிறோம்’ என்கிறார்கள். வாங்கிக்கொள்ளலாமா?
— திண்டுக்கல் வாசகி

பதில்: வேண்டாம் சகோதரி. அந்தக் கோடு தப்பே இல்லை. உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி. 10 என்ற நோய்க் கோடுப் பட்டியலில் ‘முறிந்த எலும்பு கூடாமை’க்கு உரிய எண் எம் 84.1தான். அதை எடுத்துவிட்டு மேல்கை எலும்பின் நடுப்பகுதி முறிவுக்கான எஸ் 42.3ஐப் போட்டால், செப்டம்பரில் கை புதிதாக முறிந்தது என்று ஆகிவிடும். டிஸ்சார்ஜ் சம்மரி, எக்ஸ்ரே, ஆபரேஷன் குறிப்பு எல்லாம் வேறு கதை சொல்லும். இன்று உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. கோடை மாற்றினால் ‘மோசடி’ என்ற ஆயுதத்தை நீங்களே அவர்கள் கையில் கொடுக்கிறீர்கள். பாலிசியே ரத்தாகலாம்.

சிக்கல் எங்கே வந்தது என்றால், அந்தப் பட்டியலில் எஸ் வரிசை காயங்களுக்கு, எம் வரிசை எலும்பு, தசை, மூட்டு நோய்களுக்கு. காயத்தில் தொடங்கிய உங்கள் கணவரின் கை, எலும்பு கூடாமல் போனதும் காகிதத்தில் நோய் வரிசைக்கு மாறிவிட்டது. விபத்து என்ற சொல்லே படிவத்தில் காணாமல் போய்விட்டது. அமெரிக்கர்கள் தங்களுக்கென்று விரித்து எழுதிய பட்டியலில் இந்தத் தொல்லை இல்லை. அங்கே முறிவுக்கான எஸ் கோடையே வைத்துக்கொண்டு, கடைசியில் ‘கே’ போன்ற ஓர் எழுத்தைச் சேர்த்து ‘கூடவில்லை’ என்று காட்டுவார்கள். காயம் காயமாகவே நிற்கும்.

ஆகவே கோடை மாற்றச் சொல்லாதீர்கள், கூடுதல் கோடு சேர்க்கச் சொல்லுங்கள். கிளைம் படிவத்தின் ‘பி’ பகுதி ஆஸ்பத்திரி நிரப்ப வேண்டியது. அதில் முதன்மை நோயறிதலுக்குக் கீழே கூடுதல் நோயறிதலுக்கும் இடம் இருக்கிறது. பெரும்பாலும் அதைக் காலியாகவே விட்டுவிடுவார்கள். அங்கே ‘T’ வரிசையில் டி 92.1 (கை எலும்பு முறிவின் பின்விளைவு), ஒய் 85.0 (மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவு) இரண்டையும் சேர்க்கலாம். இரண்டும் உண்மை, இரண்டும் அதே பட்டியலில் உள்ளவை. பழைய படிவத்தைத் திருத்தாமல், தேதி போட்டுத் தனித் திருத்தக் கடிதமாக வாங்குங்கள்.

அதைவிட முக்கியம், ஆபரேஷன் செய்த டாக்டர் லெட்டர்ஹெட்டில் எழுதித் தரும் நாலு வரி: ‘2024 நவம்பர் விபத்தில் முறிந்த அதே எலும்பு, அதே இடம், கூடாததால் மறு ஆபரேஷன் செய்யப்பட்டது, வேறு எலும்பு நோய் எதுவும் காரணமல்ல.’ கடைசி வாக்கியத்தை அவர் மனமுவந்து எழுத முடிந்தால் மட்டும் எழுதட்டும். சர்க்கரை, புகைப்பழக்கம், கிருமித் தொற்று எல்லாம் எலும்பு கூடுவதைத் தாமதப்படுத்தும். இருந்தால் மறைக்க வேண்டாம். இருந்தாலும் எலும்பை முறித்தது விபத்துதானே!

சரி, சட்டத்துக்கு வருவோம். அவர்கள் காட்டும் 24 மாத விலக்கு (பாலிசி எடுத்து அத்தனை மாதம் ஆகும்வரை சில சிகிச்சைகளுக்குப் பணம் கிடையாது என்பது), காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2019இல் எல்லா நிறுவனங்களுக்கும் பொதுவாக வகுத்துக் கொடுத்த வாசகம். பாலிசியில் ‘எக்ஸ்கிளூஷன் 02’ என்று தேடுங்கள். இரண்டு விஷயம் தெரியும். ஒன்று, பட்டியலில் பெயர் சொல்லியுள்ள நோய்களுக்கும் ஆபரேஷன்களுக்கும் மட்டுமே அது பொருந்தும். உங்கள் பாலிசிப் பட்டியலில் ‘எலும்பு கூடாமை’ இருக்கிறதா என்று வரி வரியாகப் பாருங்கள். எம் வரிசை முழுவதையும் அதற்குள் அடைக்க முடியாது. இரண்டாவது, விபத்தால் எழும் கிளைம்களுக்கு இந்த விலக்கு பொருந்தாது என்று அந்த வாசகத்திலேயே இருக்கிறது. முதல் ஆபரேஷனுக்குப் பணம் கொடுத்த நிறுவனத்தின் ஃபைலிலேயே அந்த விபத்து இருக்கிறது. இதைவிட நல்ல சாட்சி உங்களுக்குக் கிடைக்காது.

முதலில் நிறுவனத்தின் குறைதீர்ப்புப் பிரிவுக்கு எழுத்தில் புகார் கொடுங்கள். முதல் கிளைம் செட்டில் ஆன கடிதம், விபத்தன்று ஆஸ்பத்திரியில் போட்ட ஏ.ஆர். காப்பி (விபத்துப் பதிவேட்டின் நகல்), இரண்டு டிஸ்சார்ஜ் சம்மரி, தேதிவாரியாக எக்ஸ்ரே, டாக்டர் கடிதம் எல்லாவற்றையும் இணையுங்கள். தானே வழுக்கி விழுந்ததில் எஃப்.ஐ.ஆர். இல்லாமல் இருக்கலாம், ஏ.ஆர். காப்பி அந்தக் குறையை ஈடுகட்டும். மருத்துவப் பதிவுகளைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்பது 2002ஆம் ஆண்டு மருத்துவ கவுன்சில் விதி. புகாரில் ஒரு கேள்வியும் சேருங்கள்: ‘கிளைம் மறுஆய்வுக் குழு ஒப்புதல் தந்ததா?’ அந்த ஒப்புதல் இல்லாமல் எந்த கிளைமையும் மறுக்கக் கூடாது என்று ஒழுங்குமுறை ஆணையத்தின் 2024 மே மாதச் சுற்றறிக்கை சொல்கிறது.

ஒரு மாதத்தில் பதில் இல்லை, அல்லது பதிலில் திருப்தி இல்லை என்றால் சென்னையில் உள்ள காப்பீட்டு ஆம்பட்ஸ்மேனிடம் (காப்பீட்டுப் புகார்களை விசாரிக்கும் குறைதீர்ப்பாளர்) போகலாம். கட்டணம் கிடையாது, வக்கீலும் தேவையில்லை (என் தொழிலுக்கு நஷ்டம்தான், ஆனாலும் சொல்ல வேண்டுமே). ஓராண்டுக்குள் போக வேண்டும். ஆம்பட்ஸ்மேன் உத்தரவு நிறுவனத்தைக் கட்டுப்படுத்தும், உங்களுக்குப் பிடிக்காவிட்டால் நுகர்வோர் ஆணையத்துக்குப் போகத் தடையில்லை. நுகர்வோர் ஆணையத்துக்குக் காலவரம்பு இரண்டு ஆண்டு. அங்கே வழக்குப் போட்ட பிறகு அதே விஷயத்துக்கு ஆம்பட்ஸ்மேனிடம் வர முடியாது என்பதால் இந்த வரிசையிலேயே போங்கள்.

இன்னொன்று. மறுப்புக் கடிதத்தைப் பத்திரமாக வையுங்கள். அதில் சொல்லாத புதுக் காரணத்தைப் பிறகு வழக்கில் கிளப்ப முடியாது என்று சௌராஷ்டிரா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2019இல் தீர்ப்பளித்திருக்கிறது. இனிமேல் போனில் யாராவது ‘சர்க்கரை இருந்ததாமே, புகைப்பாராமே’ என்று பேச்சுக் கொடுத்தால், எழுத்தில் கேளுங்கள் என்று சொல்லிவிட்டு வைத்துவிடுங்கள்.