கணினியில் ஒலிக்கும் யூஎஸ்பி ஹெட்போன் கன்சோலில் ஒலிக்காதது ஏன்?

வாசகர் ஒருவரின் கேள்வி இது: "கணினியில் இரண்டு ஆண்டுகளாகப் பயன்படுத்தி வரும் மைக்குடன் கூடிய யூஎஸ்பி ஹெட்போனைப் புதிதாக வாங்கிய பிளேஸ்டேஷன் 5-இல் செருகினேன். உடன் விளையாடுபவர்களின் பேச்சு ஹெட்போனில் கேட்கிறது. விளையாட்டின் ஒலியோ டிவியிலிருந்துதான் வருகிறது. அதே ஹெட்போனைத் தம்பியின் எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ்-இல் செருகினால் விளக்கு எரிகிறது, ஒலியே வருவதில்லை. பழுது ஹெட்போனிலா, கன்சோலிலா? வேறு ஹெட்போன் வாங்கத்தான் வேண்டுமா?"

நீங்கள் சொல்வதை வைத்துப் பார்த்தால் இரண்டிலும் பழுது இல்லை. பிளேஸ்டேஷனில் நடப்பது ஓர் அமைப்பை மாற்றினால் தீர்ந்துவிடும். எக்ஸ்பாக்ஸில் நடப்பது அப்படியல்ல. அந்த ஹெட்போனை யூஎஸ்பி வழியாக அங்கே ஒலிக்க வைக்க இயலாது. வெளிப்பார்வைக்கு ஒன்றுபோலத் தெரியும் இந்த இரண்டு சிக்கல்களுக்கும் காரணம் வேறு வேறு என்பதால், யூஎஸ்பி ஹெட்போன் எப்படி வேலை செய்கிறது என்பதிலிருந்து தொடங்குகிறேன்.

3.5 மில்லிமீட்டர் முனை கொண்ட பழைய வகை ஹெட்போனுக்குச் சுயமாக எந்த வேலையும் இல்லை. கருவி அனுப்பும் மின்னலையை அது ஒலியாக மாற்றுகிறது, அவ்வளவுதான். யூஎஸ்பி ஹெட்போனுக்குள்ளோ ஒரு சிறிய சவுண்ட் கார்டே அடங்கியிருக்கிறது. கன்சோல் எண்களாக அனுப்பும் ஒலித் தரவை அதிலுள்ள சிப் மின்னலையாக மாற்றுகிறது. மைக்கில் பேசுவதை எண்களாக்கித் திருப்பி அனுப்புவதும் அதே சிப்தான். ஆகவே செருகியவுடன் இரு கருவிகளும் ஒன்றையொன்று அடையாளம் கண்டு, ஒரே மொழியில் பேசிக்கொள்ள வேண்டும். அந்தப் பொது மொழிக்கு 'யூஎஸ்பி ஆடியோ கிளாஸ்' என்று பெயர். அதன் முதல் பதிப்பு 1998-லும் இரண்டாம் பதிப்பு 2006-லும் வெளிவந்தன. இந்த மொழியைப் பேசும் ஹெட்போனுக்குத் தனி டிரைவர் மென்பொருள் தேவையில்லை. கணினியில் எந்த ஹெட்போனைச் செருகினாலும் உடனே ஒலிப்பதற்கு இதுவே காரணம். கன்சோலிலும் அப்படியே ஒலிக்கும் என்று நாம் எதிர்பார்த்து ஏமாறுவதற்கும் இதுவே காரணம்.

பிளேஸ்டேஷன் 4, 5 ஆகியவையும் நிண்டெண்டோ ஸ்விட்சும் இந்தப் பொது மொழியை ஏற்கின்றன. எக்ஸ்பாக்ஸ் ஒன், சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் ஆகியவை ஏற்பதில்லை. மைக்ரோசாஃப்ட்டின் உரிமம் பெற்றுத் தயாரிக்கப்பட்ட ஹெட்செட்டுகளை மட்டுமே எக்ஸ்பாக்ஸ் ஏற்கும். மற்றவற்றை யூஎஸ்பி ஒலிக்கருவியாக அது கணக்கில் கொள்வதே இல்லை. உங்கள் தம்பியின் கன்சோலில் விளக்கு எரிவதற்குப் பொருள், போர்ட்டிலிருந்து 5 வோல்ட் மின்சாரம் போகிறது என்பது மட்டுமே. மின்சாரம் கிடைப்பதையும் இணைப்பு ஏற்பட்டதையும் ஒன்றாக எண்ணிக் குழம்புவோர் பலர் உண்டு.

முதலில் உங்கள் பிளேஸ்டேஷனை எடுத்துக்கொள்வோம். உடன் விளையாடுபவர்களின் பேச்சு ஹெட்போனில் கேட்கிறது என்றாலே கன்சோல் ஹெட்போனை அறிந்துகொண்டது, கேபிள் சரியாக இருக்கிறது, சிப்பும் வேலை செய்கிறது என்று மூன்றையும் உறுதியாகச் சொல்லிவிடலாம். மிச்சமிருப்பது எந்த ஒலியை எங்கே அனுப்புவது என்ற தேர்வுதான். செட்டிங்ஸ் பக்கத்தில் 'சவுண்ட்' என்பதையும் அதற்குள் 'ஆடியோ அவுட்புட்' என்பதையும் திறந்தால், ஹெட்போனுக்கு எதை அனுப்புவது என்று கேட்கும் 'அவுட்புட் டு ஹெட்போன்ஸ்' என்ற வரியைக் காண்பீர்கள். அதில் 'சாட் ஆடியோ' தேர்வாகியிருந்தால் பேச்சு மட்டும் ஹெட்போனுக்கும், விளையாட்டின் ஒலி டிவிக்கும் பிரிந்து போகும்; அதை 'ஆல் ஆடியோ' என்று மாற்றினால் எல்லா ஒலியும் ஹெட்போனுக்கு வந்துவிடும், டிவி அடங்கிவிடும். பிளேஸ்டேஷன் 4-இல் இதே தேர்வு செட்டிங்ஸில் 'டிவைசஸ்', அதற்குள் 'ஆடியோ டிவைசஸ்' என்ற இடத்தில் இருக்கிறது.

இந்தத் தேர்வை வைத்ததற்கு ஒரு நியாயம் உண்டு என்பதையும் சொல்ல வேண்டும். அறையில் உள்ள மற்றவர்கள் விளையாட்டின் ஒலியைக் கேட்டபடி பார்க்க, விளையாடுபவர் மட்டும் தன் அணியினரின் பேச்சைக் காதில் கேட்க வேண்டிய தருணங்கள் வரும். யாரோ ஒருவர் அப்படி ஒருமுறை மாற்றிவைத்துவிட்டுப் போக, பின்னர் வருபவர் ஹெட்போனைச் சந்தேகிப்பது வழக்கமாக நடப்பதுதான்.

விளையாட்டின் ஒலி வந்த பிறகு மைக்கையும் சரிபார்த்துவிடுங்கள். பிளேஸ்டேஷன் 5-இல் ஒலியைக் கேட்கும் கருவியும் பேச்சை வாங்கும் கருவியும் தனித்தனியாகத் தேர்வாகின்றன. கன்சோலில் கேமரா இணைத்திருந்தால், அல்லது கண்ட்ரோலரிலேயே உள்ள மைக் தேர்வாகியிருந்தால், ஹெட்போன் மைக்கில் நீங்கள் எவ்வளவு உரக்கப் பேசினாலும் மறுமுனைக்கு மங்கலாகவே கேட்கும். 'சவுண்ட்' பக்கத்தில் 'மைக்ரோஃபோன்' என்ற பகுதியில் உங்கள் ஹெட்போனின் பெயர் தேர்வாகியிருக்கிறதா என்று பாருங்கள். கண்ட்ரோலரில் உள்ள மைக் நிறுத்தும் பொத்தானின் ஆரஞ்சு விளக்கு எரிகிறதா, ஹெட்போன் கேபிளில் உள்ள சிறிய கட்டுப்பாட்டுப் பெட்டியில் மைக் அணைந்திருக்கிறதா என்ற இரண்டையும் தனித்தனியாகப் பாருங்கள். ஆரஞ்சு விளக்கு எரிந்தால் மைக் நிறுத்தப்பட்டிருக்கிறது என்று பொருள்; இந்த இரண்டு இடங்களில் எதில் மைக் நிறுத்தப்பட்டிருந்தாலும் குரல் போகாது.

கணினியில் உங்கள் ஹெட்போன் '7.1 சரவுண்ட்' என்று காட்டிக்கொண்டிருந்து, கன்சோலில் அந்த வசதி காணாமல் போயிருந்தால் வருந்த வேண்டாம். அத்தகைய ஹெட்போன்கள் பலவற்றில் இரண்டே ஒலிபெருக்கிகள்தான் இருக்கின்றன. சுற்றொலி போன்ற உணர்வைக் கணினியில் நிறுவிய மென்பொருள் உருவாக்குகிறது, அந்த மென்பொருள் கன்சோலில் ஓடாது. பிளேஸ்டேஷன் 5 தன் முப்பரிமாண ஒலியைத் தானே கணக்கிட்டுச் சாதாரண இரட்டை ஒலி ஹெட்போனுக்கும் அனுப்புகிறது. அந்த வசதியை இயக்கினாலே போதும். ஹெட்போனிலேயே சுற்றொலிப் பொத்தான் இருந்தால் அதை அணைத்துவிடுவது நல்லது என்பது என் கருத்து. ஏற்கெனவே கணக்கிடப்பட்ட ஒலியை இரண்டாம் முறையும் கணக்கிட்டால், எதிரியின் காலடியோசை எந்தத் திசையிலிருந்து வருகிறது என்பதே குழம்பிவிடும்.

இனி உங்கள் தம்பியின் எக்ஸ்பாக்ஸ். ஹெட்போனில் கழற்றக்கூடிய கேபிளும் 3.5 மில்லிமீட்டர் துளையும் இருந்தால், நான்கு பிரிவு கொண்ட முனையுள்ள கேபிளால் அதைக் கண்ட்ரோலரின் அடிப்பக்கத் துளையில் இணைக்கலாம். விளையாட்டொலி, பேச்சு, மைக் மூன்றும் வேலை செய்யும். சீரிஸ் எஸ்-உடன் வரும் கண்ட்ரோலரில் அந்தத் துளை உண்டு. 2013-இல் எக்ஸ்பாக்ஸ் ஒன்னுடன் முதலில் வந்த கண்ட்ரோலரில் அது இல்லை. 2015-இல் வந்த திருத்திய வடிவத்தில்தான் சேர்ந்தது. ஆகவே பழைய கண்ட்ரோலர் வைத்திருப்பவர்களுக்கு அதன் அடியில் பொருத்தும் ஹெட்செட் அடாப்டர் தேவை. முனையில் மூன்று கறுப்பு வளையங்கள் இருந்தால் அது நான்கு பிரிவுகளும் மைக்கும் உடையது. இரண்டே வளையங்கள் என்றால் ஒலி மட்டும் கேட்கும், நீங்கள் பேசுவது போகாது.

ஹெட்போனில் யூஎஸ்பி கேபிள் நிரந்தரமாகப் பொருத்தப்பட்டிருந்தால் வழி இல்லை. இங்கே ஓர் எச்சரிக்கை: ஒரு முனையில் யூஎஸ்பி துளையும் மறுமுனையில் 3.5 மில்லிமீட்டர் முனையும் கொண்ட மலிவான மாற்றிகள் விற்கப்படுகின்றன. யூஎஸ்பி ஹெட்போனை அதன் வழியே கண்ட்ரோலரில் இணைக்கலாம் என்று எண்ணி வாங்காதீர்கள். ஹெட்போனில் உள்ள சிப் மின்சாரத்தையும் எண் வடிவத் தரவையும் எதிர்பார்க்கிறது; கண்ட்ரோலரின் துளை இரண்டையும் தருவதில்லை. எதிர்த்திசையில் வேலை செய்யும் மாற்றியோ, அதாவது யூஎஸ்பி போர்ட்டில் செருகி 3.5 மில்லிமீட்டர் ஹெட்போனை இணைக்க உதவுவது, முற்றிலும் வேறு பொருள். அதற்குள் தனி சிப் உண்டு, பிளேஸ்டேஷனில் அது நன்றாகவே உழைக்கும். எக்ஸ்பாக்ஸுக்கெனப் புதிய ஹெட்செட் வாங்க நேர்ந்தால், பெட்டியின் மேல் எக்ஸ்பாக்ஸ் என்ற சொல் தெளிவாக அச்சிடப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். ஒரே பெயரில் கணினிக்கு ஒன்றும் எக்ஸ்பாக்ஸுக்கு ஒன்றுமாக இரு வகைகளைத் தயாரிக்கும் நிறுவனங்கள் உண்டு; தோற்றத்தை வைத்து இரண்டையும் பிரித்தறிய முடியாது.

ஸ்விட்ச் வைத்திருப்பவர்களும் இதே ஐயத்தைக் கேட்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். 2017 அக்டோபரில் வந்த 4.0.0 பதிப்பு மென்பொருளிலிருந்து அது யூஎஸ்பி ஹெட்போனை ஏற்கிறது. ஸ்விட்சை டிவியுடன் இணைக்கும் தாங்கியான டாக்கின் யூஎஸ்பி போர்ட்டில் செருகினால் போதும். 2021 செப்டம்பரில் வந்த 13.0.0 பதிப்பு புளூடூத் ஹெட்போனையும் அனுமதித்தது, ஆனால் புளூடூத் மைக்கை அனுமதிக்கவில்லை. புளூடூத் ஹெட்போன் இணைந்திருக்கும்போது இரண்டு கம்பியில்லாக் கண்ட்ரோலர்களுக்கு மேல் இணைக்கவும் இயலாது. புளூடூத்தில் ஒலி சற்றுத் தாமதித்தே வரும் என்பதால், தாளத்துக்கு ஏற்பப் பொத்தானை அழுத்தும் விளையாட்டுகளுக்குக் கேபிளே சிறந்தது.

இதுவரை சொன்னவை கன்சோல் ஹெட்போனை அடையாளம் கண்டுவிட்ட நிலைக்கு உரியவை. செருகியும் திரையில் எந்த அறிவிப்பும் வரவில்லை, கருவிகளின் பட்டியலிலும் பெயர் இல்லை என்றால் வேறு இடத்தில் தேட வேண்டும். முதலில் கேபிளைச் சந்தேகியுங்கள். மின்னேற்றத்துக்கு மட்டும் உரிய கேபிள்களில் தரவுக்கான கம்பிகள் இருப்பதில்லை. வெளியிலிருந்து பார்த்தால் வேறுபாடு எதுவும் தெரியாது. அப்படியொரு கேபிளை வைத்துக்கொண்டு நானே ஒரு பிற்பகல் முழுவதும் கன்சோலின் அமைப்புகளை மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஹெட்போனுடன் பெட்டியில் வந்த கேபிளைத் தேடியெடுத்துச் செருகிய மறுநொடி ஒலி வந்தது. இதைப் போலவே, கம்பியில்லா ஹெட்போன்கள் பலவற்றில் உள்ள யூஎஸ்பி துளை மின்னேற்றத்துக்கு மட்டுமே உரியது. எவ்வளவு நல்ல கேபிளை இணைத்தாலும் அதன் வழியே ஒலி போகாது. அவற்றுக்கு உடன் வந்த டாங்கிளைத்தான், அதாவது ஒலியைக் கம்பியில்லாமல் ஹெட்போனுக்கு அனுப்பும் சிறிய யூஎஸ்பி துண்டைத்தான், செருக வேண்டும். பிளேஸ்டேஷன் 4, 5 இரண்டும் சாதாரணப் புளூடூத் ஹெட்போன்களை நேரடியாக ஏற்பதில்லை என்பதையும் இங்கே நினைவில் கொள்ளுங்கள்.

அடுத்ததாக ஹப், அதாவது ஒரு போர்ட்டைப் பல போர்ட்டுகளாகப் பிரிக்கும் பெட்டி. ஒரு யூஎஸ்பி 2.0 போர்ட் தரும் மின்னோட்டம் 500 மில்லியாம்பியர் வரைதான். தனி மின்னிணைப்பு இல்லாத ஹப்பில் ஹார்ட் டிஸ்க், கேமரா, ஹெட்போன் மூன்றையும் செருகினால் அந்த 500-ஐ மூன்றும் பங்கிட்டுக்கொள்கின்றன. ஹெட்போனைக் கன்சோலின் போர்ட்டில் நேரடியாகச் செருகிப் பாருங்கள். பிறகு ரெஸ்ட் மோடில் இருந்து எழுப்பாமல், கன்சோலை முழுவதுமாக அணைத்துவிட்டு மீண்டும் இயக்குங்கள். உறக்கத்திலிருந்து எழும் கன்சோல் சில வேளைகளில் யூஎஸ்பி கருவிகளைப் புதிதாக விசாரிப்பதில்லை; கழற்றிச் செருகினாலும் சரியாகாத சிக்கல் முழு மறுதொடக்கத்தில் சரியாவதைப் பலமுறை கண்டிருக்கிறேன்.

டாங்கிளிலோ ஹெட்போனிலோ கணினி, கன்சோல் என்று பிரிக்கும் சிறு சுவிட்ச் இருக்கிறதா என்றும் பாருங்கள். தனியாக விற்கப்படும் சில ஒலி மாற்றிகளில் யூஎஸ்பி ஆடியோ கிளாஸின் 1, 2 ஆகிய பதிப்புகளுக்கு இடையே மாற்றும் தேர்வு உண்டு. கன்சோலுடன் இணைக்கும்போது 1-ஐத் தேர்ந்தெடுங்கள். தரம் குறைந்துவிடுமோ என்ற கவலை வேண்டாம். முதல் பதிப்பிலேயே 48 கிலோஹெர்ட்ஸ் தரத்தில் ஒலியும் மைக்கும் தாராளமாகச் செல்லும். விளையாட்டொலிக்கு அது போதுமானது.

ஒலி வருகிறது, ஆனால் விட்டுவிட்டு அறுந்து வருகிறது என்பது கம்பியில்லா டாங்கிள் பயன்படுத்துவோரின் முறையீடு. யூஎஸ்பி 3.0 இணைப்புகள் இயங்கும்போது 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையின் பக்கத்தில் இரைச்சலை வெளியிடுகின்றன. டாங்கிள் பேசுவதும் அதே அலைவரிசையில்தான். வெளி ஹார்ட் டிஸ்கின் கேபிளை ஒட்டி டாங்கிளைச் செருகியிருந்தால் ஒலி அறுபடுவதில் வியப்பில்லை. அதை முன்பக்கப் போர்ட்டுக்கு மாற்றுங்கள். போதாவிட்டால் ஒரு சிறிய நீட்டிப்புக் கேபிளால் கன்சோலிலிருந்து ஒரு முழம் தள்ளி, ஹெட்போனுக்கு நேர் எதிரே வையுங்கள்.

உங்கள் நிலையில் இவ்வளவும் தேவைப்படாது. 'ஆல் ஆடியோ' என்று மாற்றிய பிறகும் விளையாட்டொலி வராவிட்டால் மட்டும், ஹெட்போன் கணினியில் இரு வேறு ஒலிக்கருவிகளாக, அதாவது விளையாட்டுக்கு ஒன்று, பேச்சுக்கு ஒன்று என்று பட்டியலில் தெரிகிறதா என்று பாருங்கள். அப்படித் தெரிந்தால், கன்சோல் அவற்றில் பேச்சுக்கு உரியதை மட்டும் பிடித்துக்கொண்டிருக்க வாய்ப்பு உண்டு. ஹெட்போனில் விளையாட்டையும் பேச்சையும் கலக்கும் திருகு இருந்தால் அதை நடுநிலைக்குத் திருப்பிவிட்டு, 'அவுட்புட் டிவைஸ்' பட்டியலில் அதன் பெயரை மீண்டும் ஒருமுறை தேர்ந்தெடுங்கள்.