1950-களின் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒரு குணச்சித்திர நடிகையின் தொழில் வாழ்க்கை எப்படி இருந்தது?

பீ பெனடெரெட் என்ற நடிகையை எடுத்துக்கொண்டால் அந்தக் காலத்தின் வழி தெளிவாகப் புரியும். அவர் பிறந்தது 1906-இல், நியூயார்க்கில். வளர்ந்தது சான் பிரான்சிஸ்கோவில். பிழைப்பு தந்தது வானொலி.

வானொலியில் முகம் எடுபட வேண்டாம், வசனத்தை மனப்பாடம் செய்யவும் வேண்டாம். தாளைப் பார்த்துப் படிக்கலாம். அதனால் ஒரே வாரத்தில் பல நிகழ்ச்சிகளுக்குக் குரல் கொடுக்க முடிந்தது. ஆனால் ஒவ்வொன்றிலும் குரல் மாற வேண்டும். நகைச்சுவை நடிகர் ஜாக் பென்னியின் நிகழ்ச்சியில் அவர் வம்பளக்கும் டெலிபோன் ஆபரேட்டர். 'மை ஃபேவரிட் ஹஸ்பண்ட்' தொடரில் நாயகி லூசில் பாலின் தோழி, வங்கி அதிகாரியின் மனைவி. இரண்டும் ஒரே தொண்டை என்று கேட்பவருக்குத் தோன்றாது. அவருடைய உண்மையான மூலதனம் இதுதான்.

வார்னர் நிறுவனத்தின் கார்ட்டூன்களில் வரும் பாட்டியின் குரலும் அவருடையதே. டைட்டிலில் பெயர் வராது. குரல் கலைஞர்களில் மெல் பிளாங்க் பெயரை மட்டும் போடுவது என்று ஒப்பந்தம். பெரிய அநியாயம் அது.

'ஐ லவ் லூசி' என்ற தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடர் 1951-இல் தொடங்கியபோது, பக்கத்துவீட்டு எத்தல் வேடத்துக்கு லூசில் பால் முதலில் நினைத்தது பெனடெரெட்டைத்தான். பெனடெரெட்டோ 1950 முதல் 'பர்ன்ஸ் அண்ட் ஆலன்' தொடரில் பிளான்ச் மார்ட்டனாக ஒப்பந்தத்தில் இருந்தார். வேடம் விவியன் வான்ஸுக்குப் போனது. தொலைக்காட்சிக்கான 1954 எம்மி விருதில் துணை நடிகை பிரிவில் இருவர் பெயரும் இருந்தன, வென்றவர் வான்ஸ். மறுவருடமும் பெனடெரெட் பெயர் வந்தது, விருது வரவில்லை.

இதை மட்டும் வைத்து அவரைத் 'துரதிர்ஷ்டசாலி' என்று எழுதுவது தவறு. பிளான்ச் வேடம் 1958 வரை ஓடியது. முதல் இரண்டு சீசன்கள் நேரலை; பிறகுதான் ஃபிலிமில் எடுத்தார்கள். அவருக்குக் கணவராக வந்த நடிகர்கள் நான்கு பேர்! ஹால் மார்ச், ஜான் பிரவுன், ஃபிரெட் கிளார்க், லாரி கீட்டிங். கணவர் மாறினாலும் அந்தக் குடும்பம் கலையாமல் தெரிந்ததற்கு பிளான்ச் மாறாமல் நின்றதே காரணம். குணச்சித்திர நடிகைக்கு இதைவிடக் கடினமான வேலை கிடையாது.

'பர்ன்ஸ் அண்ட் ஆலன்' தொடருக்கு எழுதிய பால் ஹென்னிங் அவரை மறக்கவில்லை. 1962-இல் தன் 'பெவர்லி ஹில்பில்லீஸ்' தொடரில் பேர்ல் என்ற உறவுக்காரப் பெண் வேடம் கொடுத்தார். அடுத்த வருடமே 'பெட்டிகோட் ஜங்ஷன்' தொடரில் ஹோட்டல் நடத்தும் கேட் பிராட்லியாக, 57 வயதில், கதையின் மையத்துக்கே கொண்டுவந்தார். இடையே, 1960 முதல் 1964 வரை, 'ஃபிளின்ட்ஸ்டோன்ஸ்' கார்ட்டூனில் பெட்டி ரபிளின் குரலும் இவர்தான். நுரையீரல் புற்றுநோயால் 1968 அக்டோபர் 13 அன்று இறந்தார்; ஒலி விளைவுக் கலைஞரான கணவர் நான்கே நாளில் இறந்தார். கேட் இல்லாமல் தொடர் 1970 வரை நடந்தது.

அவர் திறமையைப் பார்க்க ஒரே ஒரு எபிசோடுதான் என்றால், 1952-இல் 'ஐ லவ் லூசி'யில் விருந்தினராக வந்ததைப் பாருங்கள். மளிகைக்கடைக்காரர் மேல் ஆசை வைத்து, அதை வாய்விட்டுச் சொல்லத் தெரியாமல் கூசும் மிஸ் லூயிஸ். அதே வாரங்களில் வேறொரு சானலுக்குப் போக வேண்டியதில்லை, அதே சி.பி.எஸ். சானலில்தான் வாயாடி பிளான்ச்சாகவும் வந்துகொண்டிருந்தார்.